கண்கட்டுச் சோதனையும் காந்த மயக்கமும்

இயற்கைக்கு அப்பாற்பட்ட ஒன்றைக் கண்டதாகவோ உணர்ந்ததாகவோ ஒருவர் கூறும்போது, கேட்போர் உள்ளத்தில் முதலில் எழும் வினா, "இவர் பொய் சொல்கிறாரா?" என்பதே. இத்தகைய வாதங்கள் பெரும்பாலும் இந்த ஒரு வினாவையே சுற்றிச் சுழன்று ஓய்ந்துவிடுகின்றன. நம்புவோர் சொன்னவரின் ஒழுக்கத்தை எடுத்துக்காட்டி, "இத்தகைய மேலோர் பொய் புகல்வரோ?" என்பர். நம்பாதோர் அவரை ஏமாற்றுக்காரர் என்று இகழ்வர். இவ்விரு சாராரும் காணத் தவறும் மூன்றாவது நிலை ஒன்று உண்டு. சொன்னவர் நேர்மையாளர், அவர் உடலில் நேர்ந்ததும் உண்மை, ஆயினும் அதற்கு அவர் கூறும் காரணம் மட்டும் உண்மையன்று.

இந்த மூன்றாம் நிலையை முறைப்படி சோதித்து உலகுக்குக் காட்டிய நிகழ்ச்சிகளுள் தலையாயது, கி.பி. 1784ஆம் ஆண்டில் பாரிஸ் மாநகரை அடுத்திருந்த பாஸி என்னும் சிற்றூரில் நடைபெற்றது. அதன் வரலாற்றையும், அது நமக்கு விட்டுச் சென்ற பாடத்தையும் ஈண்டு நோக்குவோம்.

ஜவ்பரியும் இப்னு சீனாவும்

பொய்யரை இனங்காட்டும் கலை மிகப் பழமையானது. 13ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில், டமாஸ்கஸை அடுத்த ஜவ்பர் என்னும் ஊரைச் சேர்ந்த அல்-ஜவ்பரி என்பார், 'அல்-முக்தார் ஃபீ கஷ்ஃபில் அஸ்ரார்' என்றொரு நூலை அரபு மொழியில் யாத்தார். இரகசியங்களை வெளிப்படுத்துவதே அந்நூலின் நோக்கம். போலி ஞானியர், பொன் செய்வதாகக் கூறும் ரசவாதிகள், போலி மருத்துவர்கள், சோதிடர்கள், குதிரை வணிகர்கள் ஆகியோர் மக்களை மயக்கக் கையாண்ட தந்திரங்களை அவர் ஒவ்வொன்றாக அவிழ்த்துக் காட்டினார். ஆயினும் அந்நூலில் வருவோர் பெரும்பாலும் தாம் செய்வது தந்திரம் என்பதை நன்கறிந்தவர்கள். பிறரை ஏமாற்றியவர்களேயன்றித் தாமே ஏமாந்தவர்கள் அல்லர்.

உள்ளம் உடலை ஆளும் திறம் குறித்து அவருக்கும் முன்னரே சிந்தித்தவர் பேரறிஞர் இப்னு சீனா (980-1037). தரையில் கிடக்கும் மரப்பலகையின் மீது மனிதன் எளிதாக நடந்து செல்கிறான். அதே பலகையைப் பள்ளத்தின் மேல் பாலமாக இட்டால் அவன் கால்கள் தடுமாறுகின்றன. பலகை மாறவில்லை; காலும் மாறவில்லை. விழுந்துவிடுவோம் என்னும் எண்ணம் உள்ளத்தில் வலுவாகப் பதிந்துவிட, உறுப்புகள் அதற்குப் பணிந்துவிடுகின்றன. 'ஷிஃபா' என்னும் தமது பெருநூலின் ஆன்மாவைப் பற்றிய பகுதியில் இவ்வுவமையைக் கூறிய இப்னு சீனா, குணமடைந்துவிட்டதாக உறுதியாக எண்ணும் நோயாளி தேறுவதும், நோயுற்றதாக எண்ணும் நலமுடையவன் நலிவதும் உண்டு என்றும் குறித்துள்ளார்.

ஆகவே மனிதர் அறிந்தே செய்யும் ஏமாற்று ஒருபுறம். உள்ளம் உடலின்மேல் செலுத்தும் ஆட்சி மறுபுறம். இவ்விரண்டும் அறிஞர்க்குப் புதியன அல்ல. ஒரு நிகழ்ச்சி கண் முன்னே நிகழும்போது, அது வெளியிலிருந்து வந்த ஆற்றலின் விளைவா, உள்ளத்தின் விளைவா என்று பிரித்தறிவது எப்படி? இவ்வினாவுக்குத்தான் பாஸியில் விடை தேடப்பட்டது.

மெஸ்மரின் தொட்டி

பிரான்ஸ் அன்டன் மெஸ்மர் 1734இல் ஜெர்மனியின் கான்ஸ்டன்ஸ் ஏரிப் பகுதியில் பிறந்தவர். வியன்னாவில் மருத்துவம் பயின்று, கோள்கள் மனித உடலின்மேல் செலுத்தும் செல்வாக்கைப் பற்றி 1766இல் ஆய்வுரை எழுதிப் பட்டம் பெற்றார். அண்டமெங்கும் கண்ணுக்குப் புலப்படாத நுண்பாய்பொருள் ஒன்று நிறைந்துள்ளது. அதன் ஓட்டம் உடலில் தடைப்படுவதே நோய். அவ்வோட்டத்தைத் தம்மால் நெறிப்படுத்த இயலும் என்பது அவர் கொள்கை. அதற்கு 'உயிர்க் காந்தம்' என்று பெயரிட்டார்.

மெஸ்மரின் வாழ்வில் சிந்தனைக்குரிய நிகழ்ச்சி ஒன்று உண்டு. அக்காலத்தில் காஸ்னர் என்னும் பாதிரியார், நோய்களுக்குப் பேய்களே காரணம் என்று கூறி, அவற்றை ஓட்டிப் பெருங்கூட்டத்தை ஈர்த்து வந்தார். 1775இல் பவேரிய ஆட்சியாளரின் அழைப்பின் பேரில் மியூனிக் சென்ற மெஸ்மர், பேயின் பெயரையே உச்சரிக்காமல் அதே வலிப்புகளைத் தோற்றுவித்துக் காட்டினார். அவற்றை நீக்கியும் காட்டினார். காஸ்னர் பொய்யர் அல்லர். உயிர்க் காந்தத்தை அறியாமலே கையாளுகிறார் என்று தீர்ப்பும் வழங்கினார். ஒரு மூடநம்பிக்கையை வீழ்த்திய பகுத்தறிவாளராக அன்று அவர் போற்றப்பட்டார். பேய் இருந்த இடத்தில் காந்தம் வந்து அமர்ந்தது. பெயர் மாறியதேயன்றி, விளக்கத்தைச் சோதித்துப் பார்க்கும் வழக்கம் இன்னும் வரவில்லை.

1778இல் மெஸ்மர் பாரிஸில் குடியேறினார். அவர் மருத்துவக் கூடத்தின் நடுவே மூடியிட்ட பெரிய மரத்தொட்டி ஒன்று இருந்தது. அதனின்றும் வளைந்து வெளிவந்த இரும்புக் கம்பிகளை நோயாளிகள் தத்தம் வலியுள்ள உறுப்பில் பதித்துக்கொண்டு சுற்றிலும் அமர்வர். ஒரு கயிறு அவர்கள் அனைவரையும் பிணைத்திருக்கும். இன்னிசை ஒலிக்கும். சற்று நேரத்தில் ஒருவர் இருமுவார், ஒருவர் அழுவார், மற்றொருவர் நகைப்பார், பின்னர் ஒருவரைத் தொடர்ந்து ஒருவராக வலிப்புற்று வீழ்வர். இவ்வலிப்பே நோய் நீங்குவதற்கு வாயில் என்று மெஸ்மர் போதித்தார்.

இதனை நம்பியோரைப் பேதையர் என்று நாம் எள்ளி நகையாடுதல் தகாது. புலப்படாத ஆற்றல்கள் ஒவ்வொன்றாக மெய்ப்பிக்கப்பட்ட காலம் அது. புவியீர்ப்பைக் கண்ணால் கண்டவர் இலர். ஆயினும் அது கோள்களை இயக்கிற்று. மின்னல் என்பது மின்சாரமே என்று பெஞ்சமின் பிராங்க்ளின் கூறியது மெய்ப்பட்டிருந்தது. 1783இல் மனிதர் பலூனில் ஏறி வானில் பறந்ததைப் பாரிஸ் மக்கள் தம் கண்களாலேயே கண்டனர். இத்தனையும் மெய்யாயின், இஃதொன்று மட்டும் ஏன் பொய்யாக வேண்டும் என்று அவர்கள் எண்ணியதில் வியப்பில்லை. அறிவியலின் வெற்றிகளே அறிவியலின் போலிக்கும் வழி வகுத்தன எனலாம்.

பாஸித் தோட்டத்தில்

1784இல் மன்னர் பதினாறாம் லூயி இதனை ஆராய அறிஞர் குழு ஒன்றை அமைத்தார். மருத்துவப் புலத்தைச் சேர்ந்த நால்வரும் அறிவியல் கழகத்தைச் சேர்ந்த ஐவரும் அதில் இடம்பெற்றனர். வேதியியலின் தந்தை எனப் போற்றப்பெறும் லவாய்சியர், வானியல் அறிஞர் பெய்லி, மருத்துவர் கில்லட்டின் ஆகியோர் அவர்களுள் சிலர். அமெரிக்கத் தூதராகப் பாஸியில் தங்கியிருந்த பிராங்க்ளின் குழுவுக்குத் தலைமை ஏற்றார். அவருக்கு அப்போது வயது 78. உடல்நலிவு காரணமாகப் பயணம் செய்ய இயலாதிருந்தமையால், சோதனைகள் பல அவர் இல்லத்திலேயே நிகழ்ந்தன. மெஸ்மர் இச்சோதனைக்கு உடன்படவில்லை. அவரிடம் பயின்றவரும், மன்னரின் இளவலுக்கு மருத்துவராக இருந்தவருமான தெலோன் என்பார் முழு மனத்துடன் உடன்பட்டார்.

குழுவினர் முதலிலேயே ஒரு முடிவுக்கு வந்தனர். நோய் குணமானதைச் சான்றாகக் கொள்ளுதல் இயலாது என்பதே அது. ஏனெனில் மருந்துண்டவரும் தேறுகின்றனர், உண்ணாதவரும் தேறுகின்றனர், இயற்கையே பல நோய்களைத் தானாக நீக்கிவிடுகிறது. எனவே காந்தம் உடலில் உடனடியாக விளைவிப்பதாகக் கூறப்படும் மாற்றங்களையே ஆராயத் தலைப்பட்டனர். தொட்டியைக் கருவிகளால் சோதித்தனர்; அதில் மின்சாரமும் இல்லை, காந்தமும் இல்லை. தம் உடல்களையே சிகிச்சைக்கு உட்படுத்தினர். குறிப்பிடத்தக்க எதனையும் உணரவில்லை. ஆயினும் நோயாளிகள் வலிப்புற்று வீழ்வதைக் கண்ணெதிரே கண்டனர். அவர்கள் நடிக்கிறார்கள் என்று கூறி எழுந்து சென்றிருந்தால், அவ்வாய்வை இன்று நாம் நினைவுகூர வேண்டியதில்லை. அவர்கள் வேறொரு வினாவை எழுப்பினர்: காந்தம் செலுத்தப்படுவதை நோயாளி அறியாதபோதும் இவை நிகழுமா?

காந்தமேற்றிய மரத்தைத் தழுவுவோர் அதன் ஆற்றலை உணர்வர் என்பது மெஸ்மர் கொள்கை. எனவே தெலோன் தாமே தேர்ந்தெடுத்த, காந்தத்தை எளிதில் உணரவல்ல 12 வயதுச் சிறுவன் ஒருவனைப் பாஸிக்கு அழைத்து வந்தார். தோட்டத்திலிருந்த வாதுமைப்பழ இன மரம் ஒன்றுக்கு, அதாவது ஆப்ரிகாட் மரத்துக்கு, அவர் காந்தமேற்றினார். பின்னர்க் கண்கள் கட்டப்பட்ட நிலையில் சிறுவன் அழைத்து வரப்பட்டான். காந்தமேற்றாத நான்கு மரங்களிடம் அவனை ஒன்றன்பின் ஒன்றாகக் கொண்டு சென்று தழுவச் செய்தனர். காந்த மரத்திலிருந்து 27 அடி தொலைவிலிருந்த முதல் மரத்தில் அவனுக்கு வியர்த்தது, இருமினான், தலைவலி என்றான். 36 அடி தொலைவிலிருந்த இரண்டாம் மரத்தில் மயக்கம் மிகுந்தது. 38 அடி தொலைவிலிருந்த மூன்றாம் மரத்தில் அது மேலும் வளர்ந்தது. காந்த மரத்தை நெருங்குவதாக எண்ணினான். நான்காம் மரத்தில் நினைவிழந்து வீழ்ந்தான். அம்மரமும் காந்த மரத்திலிருந்து 24 அடி தள்ளியே இருந்தது. காந்தமேற்றிய மரத்தை அவன் தொடவேயில்லை.

மரங்கள் யாவும் இயற்கையிலேயே காந்தம் உடையன என்று தெலோன் விளக்கினார். அங்ஙனமாயின் காந்தத்தை உணரவல்லவர் எவரும் எந்தத் தோட்டத்திலும் நடமாடவே இயலாதே என்று குழுவினர் மறுத்தனர். சோதனை தோற்ற பின்னர்ப் பிறக்கும் விளக்கத்தின் இயல்பை இங்கு நாம் கவனித்தல் வேண்டும். மரத்துக்கு மரம் வேறுபாடு உண்டு என்பதே சோதனைக்கு முன்பு பேசப்பட்ட கொள்கை. தோல்விக்குப் பின்னர் எல்லா மரமும் ஒன்றே என்றாயிற்று. எது நிகழ்ந்தாலும் தானே வென்றதாகக் கொள்ளும் கொள்கையைச் சோதித்தறிய வழியே இல்லை.

சோதனைகள் தொடர்ந்தன. கண் கட்டப்பட்ட பெண்மணி ஒருவரிடம், தெலோன் வந்து காந்தம் செலுத்துகிறார் என்று கூறினர். தெலோன் அவ்வறையிலேயே இல்லை. ஆயினும் மூன்று நிமிடங்களுக்குள் அப்பெண்மணி நடுக்கமுற்றுப் பற்கள் நறநறவென ஒலிக்க வலிப்புற்றார். மற்றொரு பெண்மணிக்கோ, காகிதத் தடுப்புக்கு அப்பால் நின்று, அவர் அறியாதவாறு அரை மணி நேரம் காந்தம் செலுத்தப்பட்டது. அவர் மகிழ்ச்சியோடு உரையாடிக்கொண்டிருந்தார். பின்னர் அவர் அறியுமாறு நேரில் செலுத்தியதும் சில நிமிடங்களில் வலிப்பு வந்துவிட்டது. லவாய்சியரின் இல்லத்தில், காந்தமேற்றாத கோப்பைகளை ஒரு நோயாளியிடம் ஒவ்வொன்றாக நீட்டியபோது அவர் வலிப்புற்று வீழ்ந்தார். தெளிந்தெழுந்து தண்ணீர் கேட்டபோது, மெய்யாகவே காந்தமேற்றிய கோப்பையில் நீர் தரப்பட்டது. அதை அமைதியாக அருந்தி, களைப்பு நீங்கியதாகக் கூறினார்.

1784 ஆகஸ்டு 11ஆம் நாளில் அறிக்கை முற்றுப்பெற்றது. கற்பனை இருந்து காந்தம் இல்லாதபோதும் வலிப்பு வருகிறது. காந்தம் இருந்து கற்பனை இல்லாதபோது எதுவும் வருவதில்லை. ஆகவே காந்தம் என்பதற்குச் சான்றில்லை என்பதே அதன் சாரம். ஒருவரைப் பார்த்து ஒருவர் உணர்ச்சிவயப்படுவதையும் அவ்வறிக்கை சுட்டிற்று. போர்க்களத்திலும் நாடக அரங்கிலும் கலகங்களிலும் கூட்டத்தின் உணர்ச்சி தீப்போல் பரவுவது இவ்வாறே என்றது. அந்த அறிக்கையை எழுதிய பெய்லி 1793 நவம்பரிலும், லவாய்சியர் 1794 மே மாதத்திலும் புரட்சிக் கூட்டத்தின் ஆரவாரத்தினிடையே தலை வெட்டப்பட்டு மாண்டனர். வெட்டிய பொறிக்கு வழங்கிய பெயரோ, அதே குழுவில் உடனிருந்த மருத்துவர் கில்லட்டினுடையது.

தெலோன் எழுப்பிய வினா

அறிக்கை மெஸ்மரின் புகழைக் குலைத்தது. ஆனால் நோயாளிகளின் துன்பம் அறிக்கையால் தீரவில்லை. தெலோன் முன்னரே ஒரு வினா எழுப்பியிருந்தார். கற்பனையைக் கொண்டு நோய் தீர்க்க இயலுமாயின், கற்பனையின் மருத்துவமே சிறந்த மருத்துவமாயின், அதனை நாம் ஏன் கைக்கொள்ளலாகாது என்பதே அவ்வினா. அவ்வினாவுக்குக் குழுவினர் உரிய விடை தந்தனர் என்று கூற இயலாது. "கற்பனையே" என்று அவர்கள் கண்டது உண்மை. "வெறுங் கற்பனைதானே" என்று உலகம் அதனை ஒதுக்கியது பிழை.

விடை சிறிது சிறிதாகவே கிட்டியது. அமெரிக்கரான பெர்கின்ஸ் 1796இல் இரு உலோகக் கோல்களுக்குக் காப்புரிமை பெற்றார்; அவற்றை உடலில் தடவினால் வலி நீங்கும் என்றார். 1799இல் இங்கிலாந்தின் பாத் நகரில் மருத்துவர் ஹேகார்த், மரத்தால் அதே வடிவில் கோல்கள் செய்து, உலோகம் போல் வண்ணந்தீட்டி, ஐந்து நோயாளிகளிடம் சோதித்தார். நால்வர் வலி குறைந்ததாகக் கூறினர். மறுநாள் உண்மைக் கோல்களும் அதே பயனையே தந்தன. ஹேகார்த் இதைக் கொண்டு நோயாளிகளை இகழவில்லை. கற்பனை நோய்க்குக் காரணமாவதையும் மருந்தாவதையும் பற்றியே 1800இல் நூல் வெளியிட்டார். 1840களில் மான்செஸ்டர் மருத்துவர் ஜேம்ஸ் பிரெய்டு, பாய்பொருள் ஏதுமின்றியே அத்தகைய துயில்நிலையை உண்டாக்கலாம் என்று காட்டி, அதற்கு ஹிப்னாடிசம் என்னும் பெயரை வழங்கினார். அதே காலத்தில், 1845இல் வங்காளத்தின் ஹூக்ளியில் ஜேம்ஸ் எஸ்டெயில் என்னும் அறுவை மருத்துவர், மெஸ்மர் வழித் துயிலில் நோயாளிகளை ஆழ்த்தி அறுவை செய்தார். மயக்க மருந்துகள் வழக்குக்கு வராத நாட்கள் அவை. பாய்பொருள் பொய், நோயாளியின் வலி தணிந்தது மெய்.

மேசையும் கைகளும்

நேர்மையாளர் தம்மைத் தாமே ஏமாற்றிக்கொள்வது எவ்வாறு என்பதை இன்னும் நுட்பமாகக் காட்டியவர் மைக்கேல் பாரடே. 1853இல் இங்கிலாந்தில் மேசை சுழற்றும் பழக்கம் இல்லந்தோறும் பரவியது. சிலர் சுற்றியமர்ந்து கைகளை மேசைமீது வைப்பர். மேசை தானே நகரும். ஆவிகளின் செயல் என்றனர் சிலர். மின்சாரம் என்றனர் வேறு சிலர். பாரடே தாம் மதித்த, பொய் புகலாத நண்பர்களையே சோதனைக்கு அமர்த்தினார். கைகளுக்கும் மேசைக்கும் இடையே, உருளைகள்மீது நகரும் பலகைகளை வைத்தார். மேசை முதலில் நகர்ந்தால் பலகை பின்தங்கும். கை முதலில் தள்ளினால் பலகை முந்தும். ஒவ்வொரு முறையும் கையே முந்திற்று. பின்னர்ப் பலகையின் அசைவைக் காட்டும் ஒரு முள்ளைப் பொருத்தி, அதனை அவர்கள் கண்முன் வைத்தார். தம் கைகள் தள்ளுவதை முள் காட்டிக் கொடுத்ததும் தள்ளுதல் நின்றது. மேசையும் அசையாது நின்றது. அவர்களில் எவரும் பொய்யர் அல்லர். தம் கை செய்வதைத் தாம் அறியாதிருந்தனர், அவ்வளவே.

பாஸியின் கண்கட்டும் பாரடேயின் முள்ளும் ஒரே அறத்தின் இரு கருவிகள். மனிதரை இழிவுபடுத்தாமல் கூற்றை மட்டும் சோதிப்பதே அவ்வறம். இன்று புதிய மருந்துகள் பலவும் இவ்வழியிலேயே சோதிக்கப்படுகின்றன. மருந்து யாருக்கு, வெற்று மாத்திரை யாருக்கு என்பது நோயாளிக்கும் தெரியாது. தருகின்ற மருத்துவருக்கும் தெரியாது. கற்றறிந்த மருத்துவரின் விருப்பமும் அவர் கண்ணை மறைக்கக்கூடும் என்று அறிவியல் தன்னையே ஐயுற்றதன் பயன் இது.

நம் வாயிலில்

தொலைதூரத்துப் பழங்கதை என்று இதனை நாம் ஒதுக்கிவிட இயலாது. சோதிக்கப்படாத விளக்கத்துக்கு விலை கொடுப்போர் நோயாளிகளே. நம் இராமநாதபுரம் மாவட்டத்து ஏர்வாடிக்கு, மனநோய்க்குச் செய்வினையோ தீய ஆவியோ காரணம் என்று கருதிய குடும்பங்கள் பல ஊர்களிலிருந்தும் நோயாளிகளை அழைத்து வந்தன. அவர்களைத் தங்கவைக்கத் தனியார் இல்லங்கள் பல முளைத்தன. 2001 ஆகஸ்டு 6ஆம் நாள் அதிகாலையில் அத்தகைய இல்லம் ஒன்றில் தீப்பற்றியபோது, சங்கிலியால் பிணிக்கப்பட்டிருந்தோர் தப்ப இயலாமல் 28 பேர் மாண்டனர். மெஸ்மரின் தொட்டியைச் சுற்றிய கயிற்றை அவிழ்த்துக்கொண்டு எழ அங்கிருந்தோரால் இயன்றது. இங்கோ அதற்கும் வழியில்லாமற் போயிற்று.

அங்கு வந்த குடும்பத்தாரைக் கொடியவர் என்று கூறுதல் பொருந்தாது. மருத்துவமனை எட்டாத ஏழ்மையும், ஆண்டுக்கணக்கில் தாங்கிய அயர்ச்சியும், உற்றாரின் ஏளனமும் அவர்களை அங்கே செலுத்தின. அவர்கள் பெற்ற ஆறுதலும் பொய்யன்று. பிழை ஆறுதலில் இல்லை. காரணத்தைப் பற்றிய விளக்கம் ஐயத்துக்கு அப்பாற்பட்டதாகக் கொள்ளப்பட்டு, மருந்துக்குரிய இடத்தில் சங்கிலி வைக்கப்பட்டதில் இருந்தது. பின்னாளில் ஏர்வாடியிலேயே 'தவா-துஆ' என்னும் பெயரில், வேண்டுதலுக்கு வருவோர்க்கு மனநல மருத்துவமும் உடன் கிடைக்க ஏற்பாடு செய்யப்பட்டது. தவா என்றால் மருந்து. துஆ என்றால் இறைஞ்சுதல். தெலோனின் வினாவுக்கு இதனினும் தெளிவான விடை இருப்பதாக நமக்குத் தோன்றவில்லை. உள்ளத்துக்கு ஆறுதல் வேண்டும். அதனை எவரும் பறிக்க வேண்டியதில்லை. உடலுக்கும் மூளைக்கும் மருந்து வேண்டும்; ஆறுதலின் பெயரால் அதனையும் எவரும் தடுத்தலாகாது.

ஆகவே வியத்தகு செய்தி ஒன்று நம் செவியில் விழும்போது, சொன்னவரைப் பொய்யர் என்றோ புனிதர் என்றோ தீர்ப்பிட நாம் விரைய வேண்டாம். அவர் அறியாதபோதும் அது நிகழுமா என்று கேட்போம். நிகழாவிடில், அவர் துன்பத்துக்கு வேறு மருந்து எது என்று தேடுவோம். முதல் வினாவோடு நின்றுவிடுவோர் வாதத்தில் வெல்லக்கூடும். இரண்டாவதையும் கேட்போரே நோயாளிக்கு உதவுவர்.